தனித்தனியாகச் சரி

மார்ச் 4

தம்பிக்கு,

உன் போனை நான் எடுக்கப் போவதில்லை. போனில் பேசினால் நான் கத்துவேன், நீ அழுவாய், உன் அத்தான் குறுக்கே வந்து இரண்டு பேரையும் சமாதானம் செய்வார், கடைசியில் ஒன்றுமே நடக்காதது போல ஆகிவிடும். நம் வீட்டுச் சண்டை எல்லாம் அப்படித்தான் முடிந்திருக்கிறது. இது அப்படி முடியக் கூடாது. எழுதினால் நிதானமாக யோசித்துத் திட்டலாம். அதனால் எழுதுகிறேன்.

வெள்ளிக்கிழமை உன் ஆஸ்பத்திரி அறையைவிட்டு வெளியே வந்ததிலிருந்து வாண்டு தன் தலையின் இடது பக்கத்தை யாரையும் தொட விடுவதில்லை. சீப்பை எடுத்துக்கொண்டு நான் போனால் நாற்காலிக்கு அடியில் நுழைந்துகொள்கிறாள். காதுக்கு மேலே தலையில் ஒட்டுகிற மெஷின் இருக்கும் டப்பாவை நான் கையில் எடுத்தாலே வாந்தி எடுக்கிறாள். நேற்று அந்த டப்பாவைக் காணவில்லை. வீட்டைத் தலைகீழாகப் புரட்டினோம். அழுக்குத் துணியோடு சேர்த்து வாஷிங் மெஷினுக்குள் போட்டு வைத்திருந்தாள். பட்டனை அழுத்தப் போன அத்தானுக்கு ஏதோ தோன்றி உள்ளே கையை விட்டுப் பார்த்தார், தப்பித்தது. நாலு வயசுக்கு இது நல்ல மூளைதான். உன் மூளையைவிட நல்ல மூளை.

எட்டாம் மாதக் காய்ச்சலில் காது போன குழந்தை. தலையைத் திறந்து, உள்ளே கருவியை வைத்து, புண் ஆறும் வரை காத்திருந்து, நினைவு தெரிந்து முதன்முதலாக அவளுக்குச் சத்தம் என்று ஒன்றைக் காட்டப் போகிற நிமிஷம் அது. அந்த நிமிஷத்தில் நீ எங்கே பார்த்துக்கொண்டிருந்தாய்? கம்ப்யூட்டர் திரையைப் பார்த்துக்கொண்டிருந்தாய். காதுக்கென்றே படித்தவன், கழுத்தில் ஆஸ்பத்திரி அட்டை தொங்குகிறது, சொந்த மருமகள் அலறுகிறாள், நீ மரம் மாதிரி உட்கார்ந்திருந்தாய். நான் கத்திய பிறகுதான் உன் விரல் நகர்ந்தது.

மன்னிப்பெல்லாம் கேட்காதே. அதை வைத்துக்கொண்டு நான் ஒன்றும் செய்ய முடியாது. ஏன் இப்படி ஆயிற்று என்று மட்டும் எழுது.

அக்கா


மார்ச் 11

அக்கா,

காரணம்தானே கேட்டாய். எழுதுகிறேன். படித்து முடித்ததும் கிழித்துப் போடு, ஆனால் பாதியில் கிழிக்காதே.

வாண்டுவின் காதுக்குள் பன்னிரண்டு முனைகள் இருக்கின்றன. ஒவ்வொரு முனையும் காது நரம்பில் ஒரு பகுதியை மின்சாரத்தால் தட்டும். அன்று ஒவ்வொரு முனையாகத் தட்டினேன். அவள் முன்னால் மூன்று முகம் போட்ட அட்டை: கேட்கவில்லை என்றால் தூங்குமூஞ்சி, இதமாக இருந்தால் சிரிப்புமூஞ்சி, அதிகமானால் அழுமூஞ்சி. பன்னிரண்டு முனைக்கும் சிரிப்புமூஞ்சியைத்தான் தட்டினாள். நீயும் பக்கத்தில் இருந்து பார்த்தாய். அத்தானுக்குப் போட்டோ எடுத்து அனுப்பினாய்.

தனித்தனியாக எல்லாம் சரி. ஆனால் பேச்சு என்று வந்தால் எல்லா முனையும் சேர்ந்து தட்டும், சத்தம் ஏறும். அதற்காக மொத்தத்தில் எவ்வளவு குறைக்க வேண்டும் என்பதுதானே நான் முன்பு உன்னிடம் கொண்டு வந்த கேள்வி. பெரியவர்களிடம் அளந்த கணக்கையெல்லாம் உன் சாப்பாட்டு மேஜையில் பரப்பினேன். நீ கல்லூரியில் கணக்கு நடத்துகிறவள். புள்ளி வைத்துப் பார்த்துவிட்டு, நடுவே ஒரு நேர்கோடு போட்டாய். இத்தனை முனை சேர்ந்தால் இவ்வளவு குறை என்று அந்தக் கோடு சொல்லும். எங்கள் பிரிவில் அதற்கு 'அக்கா கோடு' என்றே பெயர். உனக்கு அதில் எவ்வளவு பெருமை என்று எனக்குத் தெரியும்.

வெள்ளிக்கிழமை நான் குறைத்தது அந்தக் கோட்டின்படிதான். பெரியவர்களுக்கு அது தப்பியதே இல்லை. குழந்தைகளுக்கு நாங்கள் அதைப் பயன்படுத்துவதில்லை. கேட்குமோ கேட்காதோ என்ற அளவில் தொடங்கி, பல தடவை வரவழைத்து, மெல்ல மெல்ல ஏற்றுவோம். அதைத்தான் உன்னிடம் சொன்னேன். "எத்தனை தடவைடா லீவு போட்டுட்டு வர்றது? அதான் கோடு இருக்கே" என்றாய். "சின்னக் குழந்தையாச்சே அக்கா" என்று இழுத்தேன். "நேர்கோட்டுக்கு வயசு தெரியாதுடா" என்றாய்.

எய்தவன் இருக்க அம்பை நோவானேன் என்று நான் தப்பித்துக்கொள்ளவில்லை. ஏற்றியது என் கைதான். ஆனால் நான் அவள் முகத்தைப் பார்க்கவில்லை என்கிறாயே, அந்த முகத்தை மறைத்துக்கொண்டு குனிந்து அவள் பேரைச் சொல்லிக் கூப்பிட்டுக்கொண்டே இருந்தது யார்? அவள் பிய்த்து எறிய முடியாதபடி இரண்டு கையையும் இறுக்கிப் பிடித்திருந்தது யார்?

சண்டையை அப்புறம் வைத்துக்கொள்வோம். அவளைக் கூட்டிக்கொண்டு வா. முதலிலிருந்து தொடங்குகிறேன். நாலு வயசாகிவிட்டது அக்கா. காதிலிருந்து ஒன்றும் வரவில்லை என்றால் மூளையில் அதற்கான இடத்தைக் கண் எடுத்துக்கொள்ளும். அப்புறம் எவ்வளவு சத்தம் கொடுத்தாலும் அது வெறும் சத்தம்தான், பேச்சாக விளங்காது. மாதங்கள் போய்க்கொண்டிருக்கின்றன.

தம்பி


மார்ச் 19

தம்பிக்கு,

ஆடத் தெரியாதவளுக்குக் கூடம் கோணலாம். உனக்கு நேர்கோடே கோணலாகத் தெரிகிறது.

நேர்கோடு என்றால் என்ன என்று இத்தனை வருஷமாக உனக்கு விளங்கவில்லை என்று இப்போது எனக்கு விளங்குகிறது. ஒன்றைப் போட்டால் ஒரு பங்கு வரும், இன்னொன்றைப் போட்டால் இன்னொரு பங்கு வரும், இரண்டையும் சேர்த்துப் போட்டால் இரண்டு பங்கும் சேர்ந்து வரும், கூடவும் வராது குறையவும் வராது. அவ்வளவுதான். உலகத்தில் எல்லாமே அப்படி நடக்கும் என்று நான் எங்கே சொன்னேன்? நடக்கிறதா இல்லையா என்று பார்ப்பது அளக்கிறவன் வேலை. நீ அளந்து கொண்டு வந்ததில் ஒரு குழந்தைகூட இல்லை. வைக்காத புள்ளிக்கு நான் எப்படிக் கோடு போடுவேன்? வயசு தெரியாது என்று நான் சொன்னேனாம். அக்கா சொன்னதை எல்லாம் கேட்கிறவனா நீ? கல்யாணம் செய்துகொள் என்று எத்தனை வருஷமாகச் சொல்கிறேன்.

கையைப் பிடித்தேன், உண்மை. யார் பிடிக்கச் சொன்னது? "பிச்சு எறிஞ்சிருவா அக்கா, கெட்டியா பிடிச்சுக்கோ." பேரைச் சொல்லிக் கூப்பிட்டேன், உண்மை. அதையும் யார் சொன்னது? "முதல்ல அம்மா குரல்தான் கேக்கணும், பக்கத்துல போய்ப் பேசு." அந்த நிமிஷத்துக்காக நான் எத்தனை நாள் காத்திருந்தேன் என்று உனக்குத் தெரியுமா? என்ன பேசுவது என்று பாத்ரூம் கண்ணாடி முன்னால் நின்று ஒத்திகை பார்த்தேன். அவள் அலறியது முதலில் எனக்கு அழுகையாகவே தெரியவில்லை. கேட்டுவிட்டது என்று சந்தோஷப்பட்டேன். அதை நீ எனக்கு எதிராக எழுதுகிறாய்.

உன் பெரிய டாக்டருக்கு எழுதிப் போட்டிருக்கிறேன். குழந்தைக்குப் பெரியவர்கள் கணக்கை வைத்து மெஷினை ஏற்றினான் என்று எழுதியிருக்கிறேன். பொய் ஒன்றும் இல்லையே?

இனி அவளை உன் அறைக்கு அழைத்து வர மாட்டேன்.

அக்கா


ஏப்ரல் 2

அக்கா,

பொய் ஒன்றும் இல்லை. பெரிய டாக்டர் உன் கடிதத்தை என் முன்னால் வைத்துவிட்டு, "உங்க அக்கா எழுத்து ரொம்ப அழகு" என்றார். மறுநாளே என்னை மேப்பிங் அறையிலிருந்து எடுத்துவிட்டார்கள். ஒலியளவு அமைக்கிற வேலைக்கு இனி என்னை விட மாட்டார்கள். இப்போது கீழ்த்தளத்தில், வயசானவர்கள் காதில் மாட்டுகிற கருவிகளைத் துடைத்துக் கொடுக்கிறேன். இத்தனை படித்துவிட்டுக் காதுக் குரும்பி சுரண்டுகிறேன். ஒரு பெரியவர் இரண்டு நாளைக்கு ஒரு தடவை வந்து "பேட்டரி தீந்துபோச்சுப்பா" என்கிறார். தீரவில்லை. மருமகள் பேச ஆரம்பித்ததும் அவரே அணைத்துவிடுகிறார். நானும் புது பேட்டரி போட்டுக் கொடுக்கிறேன்.

என் கதை இருக்கட்டும். ஏன் அப்படி ஆயிற்று என்பது இப்போது எனக்குத் தெளிவாகிவிட்டது. உனக்கும் தெரிய வேண்டும்.

காய்ச்சலுக்குப் பிறகு அவள் காதுக்குள் எலும்பு அங்கங்கே வளர்ந்துவிட்டது. ஆபரேஷனுக்கு முன்னால் ஸ்கேனில் நாம் இரண்டு பேரும் பார்த்ததுதான். எலும்பைத் தாண்டி நரம்பை எட்ட வேண்டுமென்றால் மின்சாரம் கூடுதலாக வேண்டும். கூடுதலாக விட்டால் அது தன் இடத்தில் நிற்காது, பக்கத்துக்குக் கசியும். மற்றவர்களுக்குப் பன்னிரண்டு முனையும் பன்னிரண்டு இடத்தைத் தட்டும். இவளுக்கு எல்லாம் ஒரே இடத்தைத் தட்டியிருக்கின்றன. ஒரு தட்டு அடங்குவதற்குள் அடுத்தது, அது அடங்குவதற்குள் அடுத்தது. நரம்புக்கு ஒரு வரம்பு உண்டு அக்கா. அந்த வரம்புக்குக் கீழே எவ்வளவு வந்தாலும் உள்ளேயே கூட்டிக்கொண்டு பேசாமல் இருக்கும். தாண்டிவிட்டால், தாண்டிய அளவுக்கு மட்டும் கத்தாது. முழுசாகக் கத்தும். பன்னிரண்டு சிரிப்புமூஞ்சியைக் கூட்டினால் ஒரு பெரிய சிரிப்பு வரும் என்று நீயும் நானும் நினைத்தோம்.

உன்னையும் என்னையும் நினைத்துக்கொண்டேன். சின்ன வயசிலிருந்து ஒருவரை ஒருவர் எத்தனை சொல் சொல்லியிருக்கிறோம். ஒன்றாவது சண்டைக்குப் போதுமான சொல்லா?

என் அறைக்கு வர வேண்டாம். என்னோடு வேலை செய்கிறவர் ஒருவர் செய்யத் தயாராக இருக்கிறார். நான் அந்த மாடிக்கே வர மாட்டேன். என் மேல் உள்ள கோபத்தில் அவள் காதை மூடாதே.

தம்பி


மே 16

தம்பிக்கு,

வெகுநாளாக எழுதவில்லை. எழுதக் கூடாது என்றுதான் இருந்தேன். இதை வேறு யாரிடமும் சொல்ல முடியாது. சொன்னால் புரிகிற ஆள் நீ ஒருவன்தான், அது என் தலையெழுத்து.

உன் ஆஸ்பத்திரி வேண்டாம் என்று வேறு ஊருக்குப் போனோம். ரயிலில் ஒரு பகல் முழுக்கப் பயணம். ஆஸ்பத்திரிக்குப் பின்னால் ஒரு மாடியறை வாடகைக்கு எடுத்தோம். ஜன்னலைத் திறந்தால் லாண்டரிக் கடையின் நீராவி முகத்தில் அடிக்கும். அங்கே மேப்பிங் செய்கிறவள் சின்னப் பெண், எந்நேரமும் வாயில் ஒரு மிட்டாய் இருக்கும். மிட்டாய்க்காரி என்றுதான் நானும் அத்தானும் சொல்வோம். உன்னைப்போல அவசரப்படுகிறவள் இல்லை. கோடு கீடு எதுவும் வேண்டாம் என்று முதல் நாளே சொல்லிவிட்டாள். அவள் சொன்ன தொனி எனக்குப் பிடிக்கவில்லை.

முதல் தடவை வாண்டு மெஷினைப் பார்த்ததும் என் கையைக் கடித்தாள். இரண்டாம் தடவையும் அதே கதைதான். மூன்றாம் தடவை மிட்டாய்க்காரி என்னைக் கீழே போய் ஏதோ சீட்டு வாங்கி வரச் சொன்னாள். வரிசையில் நின்று வாங்கிக்கொண்டு மேலே வந்தேன். கதவில் ஒரு கண்ணாடிச் சதுரம் இருக்கிறது. அதன் வழியாகப் பார்த்தேன். தலையில் மெஷின் ஒட்டியிருந்தது. வாண்டு தரையில் உட்கார்ந்து கட்டை அடுக்கிக்கொண்டிருந்தாள். அவளுக்குப் பின்னால் நின்று மிட்டாய்க்காரி மேஜையில் தட்டினாள். வாண்டு திரும்பினாள். மறுபடி தட்டினாள். மறுபடி திரும்பினாள். சிரித்தாள்டா.

எனக்குக் கால் தரையில் நிற்கவில்லை. கதவைத் திறந்துகொண்டு ஓடினேன். "கண்ணு" என்றேன். அவ்வளவுதான் சொன்னேன். பிய்த்து எறிந்துவிட்டு மேஜைக்கு அடியில் போய்ச் சுவரோடு ஒட்டிக்கொண்டாள்.

அதற்குப் பிறகு எல்லா விதமாகவும் பார்த்துவிட்டோம். அத்தான் அறையில் இருந்தால் போட்டுக்கொள்கிறாள். ஆஸ்பத்திரி ஆயா இருந்தால் போட்டுக்கொள்கிறாள். முன்பின் தெரியாத யாரோ வந்தால்கூடப் போட்டுக்கொள்கிறாள். நான் வாயைத் திறக்காமல் வாசலில் நின்றாலும் கை தலைக்குப் போகிறது. மெஷின் இல்லாத நேரத்தில் என் மேல்தான் படுத்துத் தூங்குகிறாள். அவள் பயப்படுவது மெஷினுக்கும் இல்லை, எனக்கும் இல்லை. இரண்டும் சேர்ந்தால்தான்.

"நீங்க வெளியே இருங்கம்மா" என்று மிட்டாய்க்காரி சொன்னாள். எத்தனை நாளைக்கு என்று கேட்டேன். மிட்டாயை மென்றுகொண்டே இருந்தாள்.

நீ சொல். எத்தனை நாளைக்கு?

அக்கா


மே 25

அக்கா,

உன் கடிதத்தைப் படித்ததும் முதலில் எனக்குச் சந்தோஷம்தான் வந்தது. மறைத்து என்ன ஆகப் போகிறது? நான் மட்டும் குற்றவாளி இல்லை என்று ஒரு நாலு வயசுக் குழந்தை தீர்ப்புச் சொல்லிவிட்டது போல இருந்தது. இரண்டு நாள் காதுக் குரும்பியைப் பாட்டுப் பாடிக்கொண்டு சுரண்டினேன். மூன்றாம் நாள் காலையில் பல் தேய்க்கும்போது, நீ கண்ணாடி முன்னால் நின்று ஒத்திகை பார்த்ததாக எழுதியது ஞாபகம் வந்தது. அதற்குப் பிறகு பாட்டு வரவில்லை.

எத்தனை நாள் என்று எனக்குத் தெரியாது. தெரிந்தது போல இனி எதையும் சொல்ல மாட்டேன்.

அன்று அவளுக்கு வந்தவை: தலைக்குள் ஒரு வலி, உன் குரல், கண்ணுக்கு ஒரு சாண் தூரத்தில் உன் முகம், அசைக்க முடியாத கை. நாம் பெரியவர்கள், இது இதனால் வந்தது, அது அதனால் வந்தது என்று பிரித்து வைத்துவிடுவோம். அவளுக்கு அது எல்லாம் சேர்ந்து ஒன்று. நினைவு தெரிந்து, அந்தப் பன்னிரண்டு தட்டைத் தவிர, சத்தம் என்றால் என்னவென்றே அறியாதவள். சத்தம் என்றால் இதுதான் என்று அன்று தெரிந்துகொண்டாள். மிட்டாய்க்காரியிடம் இப்போது கேட்கிற சத்தம் வேறு ஒன்று என்று நினைக்கிறாள் போலிருக்கிறது. நீ உள்ளே வந்தால் இது பழைய சத்தம் ஆகிவிடுகிறது.

அதனால் சொல்கிறேன். அத்தான் அந்த ஊரிலேயே அவளோடு இருக்கட்டும். அவருக்கு எங்கிருந்தும் செய்கிற வேலைதானே. நீ உன் கல்லூரிக்குத் திரும்பிவிடு. அவளுக்குக் காது பழகட்டும். ஒரு தடவை இல்லை, நூறு தடவை சத்தம் அவளுக்கு நல்லதாக வரட்டும். அதற்கு அப்புறம் உன்னைக் கொஞ்சம் கொஞ்சமாகச் சேர்க்கலாம். இப்போது நீ பக்கத்தில் இருக்கிற ஒவ்வொரு நாளும் அவள் கேட்காத நாள்.

இதை நான் பழிவாங்கச் சொல்வதாக நீ நினைப்பாய். நினைத்துக்கொள். ஆனால் செய்.

தம்பி


ஆகஸ்ட் 8

தம்பிக்கு,

நீ சொன்னபடி செய்தேன். ஜூன் தொடக்கத்திலிருந்து நான் இங்கே தனி. காலையில் கல்லூரி, சாயங்காலம் வீடு. இரண்டு பேர் துணியைத் துவைக்கிற நேரம் மிச்சம், ஒரு தட்டைக் கழுவினால் சமையலறை வேலை முடிந்தது. பக்கத்து வீட்டம்மா, "பொண்ணு எங்கே, அப்பாகூடவா? அதிசயமா இருக்கே" என்று கேட்டாள். காது வைத்தியம் என்றேன். "அம்மா இல்லாம என்ன வைத்தியம்?" என்றாள். வெந்த புண்ணில் வேல் பாய்ச்சுவதற்கென்றே சிலர் பக்கத்து வீட்டில் குடியிருக்கிறார்கள்.

போன வாரம் முதலாமாண்டுப் பிள்ளைகளுக்குக் கூட்டுத்தொகை நடத்தினேன். எதை முதலில் கூட்டினாலும் தொகை ஒன்றுதான், முன்னதைப் பின்னால் போடு, பின்னதை முன்னால் போடு, விடை மாறாது என்று வருஷா வருஷம் சொல்வேன். இந்த வருஷம் பாதி வாக்கியத்தில் வாய் நின்றுவிட்டது. எனக்கு ஒரு நாள்தான் முன்னதாக வந்துவிட்டது. அந்த வெள்ளிக்கிழமையை எடுத்துப் பின்னால் எங்காவது, நூறு நல்ல நாளுக்குப் பிறகு போட முடிந்தால் அவளுக்கு அது ஒரு தூசி. முன்னால் வந்ததால் அதுவே எல்லாமாக இருக்கிறது. முன் பெஞ்சுப் பெண் ஒருத்தி "மேடம், உடம்பு சரியில்லையா" என்று கேட்டாள். வீட்டுப்பாடம் கொடுத்து அனுப்பினேன்.

இதைச் சொல்ல இந்தக் கடிதம் எழுதவில்லை.

அத்தான் தினமும் வீடியோ அனுப்புகிறார். குழாயைத் திறந்து மூடி, திறந்து மூடித் தண்ணீர்ச் சத்தம் கேட்கிறாள். செருப்பைத் தரையில் தேய்த்துப் பார்க்கிறாள். நேற்று அனுப்பியதில், கதவுத் தாழ்ப்பாளை ஆட்டிக்கொண்டிருந்தவள் திடீரென்று திரும்பிச் சிரித்தாள். எதற்குத் திரும்பினாள் என்று மறுபடி போட்டுக் கேட்டேன். ஒரு இருமல். அந்த இருமல் எனக்குத் தெரியும். உன் மூன்றாம் வகுப்பிலிருந்து தெரியும்.

அத்தானைக் கேட்டேன். மழுப்பினார். விடாமல் கேட்டேன். ஜூலையிலிருந்து ஞாயிற்றுக்கிழமை தோறும் நீ போய்வருகிறாயாம். என்னை விலகி இருக்கச் சொல்லிவிட்டு, நீ போய் என் பெண்ணோடு உட்கார்ந்திருக்கிறாய். அப்பனும் மாமனுமாகச் சேர்ந்து என்னை முட்டாளாக்கியிருக்கிறீர்கள். குதிரை கீழே தள்ளியதும் இல்லாமல் குழியும் பறித்ததாம்.

அக்கா


ஆகஸ்ட் 20

அக்கா,

ஆமாம், சனிக்கிழமை ராத்திரி ரயிலேறிப் போகிறேன். அத்தான் கூப்பிட்டார். தனியாக அவரால் முடியவில்லை. ஒரு நாள் முழுக்கப் பேசிக்கொண்டே இருக்க வேண்டும் என்று மிட்டாய்க்காரி சொல்லியிருக்கிறாள். அத்தான் எவ்வளவு பேசுவார் என்று உனக்குத் தெரியும். கல்யாணத்தன்றே மூன்று வார்த்தைக்கு மேல் பேசாத மனுஷன். நான்தான் வாயாடி. பேப்பரை எடுத்து வைத்துக்கொண்டு வாடகைக்கு வீடு, காணவில்லை, திருட்டு என்று எல்லாவற்றையும் சத்தமாகப் படிக்கிறேன். என் முழங்காலில் சாய்ந்துகொண்டு கேட்கிறாள்.

அவளுக்கு என்னைப் பார்த்துப் பயம் இல்லை. முதல் தடவை போனபோது நான்தான் பயந்துகொண்டு உள்ளே நுழைந்தேன். என் கண்ணாடியைப் பிடுங்கிப் போட்டுக்கொண்டாள், அவ்வளவுதான். அன்று என்னை அவள் பார்க்கவே இல்லை போலிருக்கிறது. ஏற்றியது நான், தண்டனை உனக்கு. இதில் என்ன நியாயம் என்று நீ கேட்பாய். இதை உன்னிடம் சொல்ல எனக்குத் தைரியம் வரவில்லை. அதனால்தான் சொல்லாமல் போனேன்.

இனிப் போகாதே என்று நீ ஒரு வரி எழுது. நிறுத்திவிடுகிறேன்.

எழுதுவதற்கு முன்னால் இன்னொன்றும் தெரிந்துகொள். இப்போது சில சொற்கள் அவளுக்கு விளங்குகின்றன. தண்ணீர் என்றால் குழாயைப் பார்க்கிறாள். செருப்பு என்றால் எடுத்து வருகிறாள். அப்பா எங்கே என்றால் அத்தானைக் காட்டுகிறாள். மாமா என்றால் என்னை. ஒரு சொல்லை மட்டும் அந்த வீட்டில் நாங்கள் சொல்வதில்லை. ஒரு தடவை அத்தான் உன் போட்டோவைக் காட்டி அதைச் சொல்லப் பார்த்தார். போட்டோவைப் பார்த்ததுமே கை தலைக்குப் போய்விட்டது. அன்று சாயங்காலம் வரை திரும்பப் போட்டுக்கொள்ளவில்லை. அதற்குப் பிறகு அவருக்குப் பயம். எனக்கும் பயம். அப்படி ஒரு சொல் இருக்கிறது என்றே அவளுக்குத் தெரியாது.

தம்பி


நவம்பர் 3

தம்பிக்கு,

போகாதே என்று எழுதத்தான் பேனாவை எடுத்தேன், ஆகஸ்டிலும் செப்டம்பரிலும். எழுதவில்லை. நீ போகாவிட்டால் அவளோடு யார் பேசுவார்கள்?

அடுத்த கட்டமாக என்னைச் சேர்த்துப் பார்க்கலாம் என்று மிட்டாய்க்காரி சொன்னாளாம். சனிக்கிழமை வரச் சொன்னார்கள். அந்த மாடியறைக்குள் முன்னாலேயே போய் உட்கார்ந்திருக்க வேண்டும், எழுந்திருக்கக் கூடாது, கையை நீட்டக் கூடாது, வாயைத் திறக்கவே கூடாது. எல்லாவற்றுக்கும் சரி என்றேன். ஜன்னலோரம் ஒரு பிளாஸ்டிக் நாற்காலி போட்டு உட்கார வைத்தார் அத்தான். பெண் பார்க்க வந்தவர்கள் முன்னால் உட்கார்ந்திருந்தபோதுகூட எனக்கு இவ்வளவு வேர்க்கவில்லை.

வாண்டு உள்ளே வந்தாள். தலையில் மெஷின் இருந்தது. முடியை நன்றாக வெட்டிவிட்டிருக்கிறீர்கள். என்னைப் பார்த்ததும் கதவருகே நின்றுவிட்டாள். கை மேலே போனது. காது வரை போய் அங்கேயே நின்றது. நான் உதட்டைக் கடித்துக்கொண்டேன். அவள் என் கண்ணைப் பார்க்கவில்லை, என் வாயைத்தான் பார்த்துக்கொண்டிருந்தாள். அது திறக்கிறதா என்று பார்த்துக்கொண்டே ஒவ்வொரு அடியாகக் கிட்டே வந்தாள். வந்து, ஒரு கையால் தலையில் இருக்கிற மெஷினைப் பொத்திக்கொண்டாள். இன்னொரு கையை என் வாய் மேல் வைத்து அழுத்தினாள். பல்லில் உதடு நசுங்கும் அளவுக்கு அழுத்தினாள்.

அதைப் பிய்த்து எறியவில்லை தம்பி. என்னிடமிருந்து அதைக் காப்பாற்றிக்கொண்டாள்.

பிறகு என் காலடியிலேயே உட்கார்ந்து கட்டை அடுக்கினாள். இருட்டும் வரை அங்கேயே விளையாடினாள். ஒவ்வொரு தடவை கட்டை விழும்போதும் அந்தச் சத்தத்துக்குச் சிரித்துவிட்டு, திரும்பி என் வாயைச் சரிபார்த்தாள். நான் மூச்சைக்கூட மூக்கால்தான் விட்டேன்.

இது நல்ல முன்னேற்றம் என்று மிட்டாய்க்காரி சொன்னாள். உன் அத்தான் மொட்டை மாடிக்குப் போய் அழுதுவிட்டு வந்தார். எனக்கு அழுகை வரவில்லை. உன் மேல் கோபம்தான் வந்தது. அது போகும் என்று நினைக்காதே. நான் உன்னை மன்னிக்கவில்லை. கையைப் பிடிக்கச் சொன்னதற்கும் மன்னிக்கவில்லை, கூப்பிடச் சொன்னதற்கும் மன்னிக்கவில்லை. என்னையும் நான் மன்னிக்கவில்லை. அதைச் சொன்னால் உனக்குச் சமாதானம் ஆகிவிடும் என்றுதான் இத்தனை நாளாக எழுதவில்லை.

இப்போது உன்னிடம் ஒன்று கேட்க வேண்டியிருக்கிறது. நீங்கள் சொல்லாமல் வைத்திருக்கிற அந்தச் சொல்லைச் சொல்ல ஒரு குரல் வேண்டும். அது என் குரலாக இருக்க முடியாது, அத்தானுக்குத் தைரியம் இல்லை. நீதான் இருக்கிறாய்.

ஞாயிற்றுக்கிழமை வழக்கம்போல் வா. நான் அதே நாற்காலியில் உட்கார்ந்திருப்பேன். என்னோடு எதுவும் பேச வேண்டாம், நலம் விசாரிக்க வேண்டாம். அவள் பக்கத்தில் உட்கார்ந்து, என்னை விரலால் காட்டி, 'அம்மா' என்று சொல். மெதுவாகச் சொல். கை தலைக்குப் போனால் நிறுத்திவிட்டுக் கொஞ்ச நேரம் பேப்பர் படி. பிறகு மறுபடி சொல். அந்தச் சொல்லைக் கேட்டு அவள் என் பக்கம் திரும்பும் வரை சொல்லிக்கொண்டே இரு.

நான் பேச மாட்டேன்.

அக்கா